நான்கு எழுத்தாளர்களும் நான்கு கப்பல்களும்

1948ஆம் ஆண்டு செப்டம்பர் மாதத்தில் அயர்லாந்தின் மேற்குக் கரையிலுள்ள கால்வே நகருக்கு ஒரு சிறிய போர்க்கப்பல் வந்து சேர்ந்தது. அதன் பெயர் மாகா. அந்தக் கப்பல் ஏற்றி வந்தது படைக்கலங்களை அன்று. ஒரு கவிஞனின் சவப்பெட்டியை. 1939 ஜனவரியில் பிரான்சின் தென்கோடியில் இறந்து அங்கேயே புதைக்கப்பட்ட டபிள்யூ.பி. யேட்ஸ், உலகப் போர் முடிந்தபின், ஒன்பது ஆண்டு காத்திருப்புக்குப் பிறகு தாய்நாட்டுக்குக் கொண்டுவரப்பட்டார். கால்வேயிலிருந்து சவ ஊர்தி சாலை வழியே ஸ்லைகோ சென்றது. செப்டம்பர் 17 அன்று ட்ரம்க்ளிஃப் தேவாலய முற்றத்தில் அடக்கம் நடந்தது. தோண்டியெடுக்கப்பட்ட எலும்புகள் அவருடையவைதாமா என்ற ஐயம் அப்போதே முணுமுணுக்கப்பட்டது. 2015இல் வெளிவந்த பிரெஞ்சு அரசதிகாரிகளின் பழைய கடிதங்கள் அந்த ஐயத்தை மேலும் வலுவாக்கின. எனினும் ஒரு தேசம் தன் கவிஞனை அழைத்துவரத் தன் கடற்படையை அனுப்பியது என்ற செய்தி உண்மையானது. அச்செய்தி இன்றும் மனத்தை நிறைக்கிறது.

அறுபத்தெட்டு ஆண்டுகள் கழித்து, 2016 அக்டோபர் 17 அன்று, அதே கால்வே நகரில் ஐரிஷ் கடற்படையின் புதிய கப்பல் ஒன்று பணியில் சேர்க்கப்பட்டது. அதன் பெயர் எல்.ஈ. வில்லியம் பட்லர் யேட்ஸ். ஐரிஷ் மொழியில் ‘ஐரிஷ் கப்பல்’ எனப் பொருள்படும் இரு சொற்களின் சுருக்கமே அந்த ‘எல்.ஈ.’ இவ்வரிசையில் அது மூன்றாவது கப்பல். முதலாவதான எல்.ஈ. சாமுவேல் பெக்கெட் 2014 மே மாதத்திலும், இரண்டாவதான எல்.ஈ. ஜேம்ஸ் ஜாய்ஸ் 2015 செப்டம்பரிலும், நான்காவதான எல்.ஈ. ஜார்ஜ் பெர்னார்ட் ஷா 2019 ஏப்ரலிலும் பணியேற்றன. போர்க்கப்பல்களுக்கு மன்னர்களின் பெயரையும் படைத்தலைவர்களின் பெயரையும் வெற்றிகொண்ட போர்க்களங்களின் பெயரையும் சூட்டுவதே உலக வழக்கம். ஒரு நாடகாசிரியர், ஒரு நாவலாசிரியர், ஒரு கவிஞர், மீண்டும் ஒரு நாடகாசிரியர் எனத் தன் கடற்படையின் முதன்மைக் கப்பல் வரிசை முழுவதையும் இலக்கியத்துக்கு அளித்துவிட்ட நாட்டை வேறெங்கும் எளிதில் காண முடியாது.

தமிழ் இலக்கியம் கற்பிக்கும் ஒருவனுக்கு இதைக் கேட்டவுடன் மகிழ்ச்சி தோன்றுவது இயல்பு. எனக்கும் தோன்றியது. ஆனால் அந்த நான்கு பெயர்களையும் அடுத்தடுத்து எழுதிப் பார்த்தபோது வேறொரு செய்தி கண்ணில் பட்டது. நால்வருமே அயர்லாந்தை விட்டுப் போனவர்கள். நால்வருமே அயர்லாந்துக்கு வெளியே இறந்தவர்கள். ஷா பத்தொன்பது வயதில், 1876இல், லண்டன் சென்றார். 1950இல் இங்கிலாந்தின் ஒரு சிற்றூரில் இறந்தார். ஜாய்ஸ் 1904இல் புறப்பட்டார். 1912க்குப் பிறகு தாய்நாட்டு மண்ணை மிதிக்கவேயில்லை. 1941இல் சூரிச்சில் இறந்தார். பெக்கெட் பாரிசையே இருப்பிடமாகவும் பிரெஞ்சு மொழியையே எழுத்துமொழியாகவும் ஆக்கிக்கொண்டு 1989இல் அங்கேயே மறைந்தார். யேட்ஸ் ஒருவரே நாடு திரும்பினார், அதுவும் இறந்தபின். தன்னால் வைத்துக்கொள்ள இயலாதவர்களின் பெயரை ஒரு தேசம் தன் கப்பல்களுக்கு வைத்திருக்கிறது. அந்தக் கப்பல்களின் வரலாறும் அதே துயரத்தில் வந்து நிற்கிறது என்பதைச் சொல்வதற்கே இக்கட்டுரை.

*

இவை எத்தகைய கப்பல்கள் என்பதை முதலில் அறிந்துகொள்ள வேண்டும். போர்க்கப்பல் என்றதும் நம் மனத்தில் எழும் சித்திரம் இவற்றுக்குப் பொருந்தாது. இவை ஆழ்கடல் ரோந்துக் கப்பல்கள். ‘ஓ.பி.வி.’ என்று கடற்படையினர் சுருக்கமாகச் சொல்வார்கள். இந்த இனம் தழைத்ததற்குக் காரணம் போரன்று, சட்டம். 1970களில் கடலோர நாடுகள் ஒவ்வொன்றாகத் தம் கரையிலிருந்து 200 கடல் மைல், அதாவது சுமார் 370 கிலோமீட்டர் தொலைவு வரை மீன்வள உரிமை கோரின. 1982ஆம் ஆண்டின் ஐ.நா. கடல் சட்ட உடன்படிக்கை அவ்வுரிமைக்கு உலக ஏற்பை அளித்தது. ஒரே தலைமுறையில் சிறிய நாடுகள்கூடப் பெருங்கடலின் காவலர்களாக மாறின. அயர்லாந்துக் குடியரசின் நிலப்பரப்பு எழுபதாயிரம் சதுர கிலோமீட்டர். அதன் பொறுப்பிலுள்ள கடற்பரப்போ நான்கு லட்சம் சதுர கிலோமீட்டருக்கு மேல். அதுவும் எத்தகைய கடல்! அமெரிக்கக் கரை தொடங்கித் தடுப்பாரின்றி உருண்டுவரும் வட அட்லாண்டிக் அலைகள் முதலில் மோதும் இடம் அது.

இத்தகைய கடலைக் காவல்காக்கப் பெரும் போர்க்கப்பல் வேண்டியதில்லை. அதை வாங்கவும் பணமில்லை, ஓட்டவும் ஆளில்லை. கரையோரப் படகுகளோ அந்த அலைகளைத் தாங்கமாட்டா. இடைப்பட்ட ஒன்று தேவை. வாரக்கணக்கில் கடலிலேயே தங்க வேண்டும். குறைந்த எரிபொருளில் நெடுந்தூரம் போக வேண்டும். புயலிலும் சிறு படகை இறக்கி, ஐயத்துக்குரிய மீன்பிடிக் கப்பலில் ஆட்களை ஏற்ற முடிய வேண்டும். சிலரே சேர்ந்து இவ்வளவையும் செய்ய வேண்டும். இந்தத் தேவைகளிலிருந்து பிறந்ததே இக்கப்பலின் வடிவம்.

பெக்கெட் வகைக் கப்பலின் நீளம் 90 மீட்டர், அகலம் 14 மீட்டர், எடை ஏறத்தாழ 2,250 டன். யேட்ஸின் உடலைச் சுமந்துவந்த மாகா, பிரிட்டன் உலகப் போருக்காக அவசரமாகக் கட்டிய கொர்வெட் ரகத்தைச் சேர்ந்தது. அதன் நீளம் அறுபது மீட்டருக்குச் சற்று அதிகம். நல்ல வானிலையிலேயே மணிக்குப் பதினாறு கடல் மைலைத் தாண்டாது. புதிய கப்பல்கள் 23 கடல் மைல் வேகம் தொடக்கூடியவை. 15 கடல் மைல் வேகத்தில் போனால் ஆறாயிரம் கடல் மைல் வரை எரிபொருள் நிரப்பாமல் செல்லக்கூடியவை. மெதுவாகச் சுற்றிவரும் நேரங்களில் பெரிய டீசல் எஞ்சின்களை நிறுத்திவிட்டு மின்மோட்டாரின் துணையால் நகரும் ஏற்பாடும் உண்டு. இவற்றுக்கு முந்தைய ரோஷீன் வகைக் கப்பல்கள் 79 மீட்டர் நீளமுடையவை. அந்த வடிவத்தையே நீட்டி இந்த 90 மீட்டர் உடல் அமைக்கப்பட்டது. கூடுதல் நீளம் ஆடம்பரத்துக்கானதன்று. குட்டையான கப்பல் ஒவ்வோர் அலைப்பள்ளத்திலும் தலைகுப்புற விழுந்தெழும். நீண்ட கப்பல் அலைகளின் மேல் பரந்து படுத்துச் செல்லும். ஆட்டம் குறைந்தால் மாலுமி உறங்கலாம், உண்ணலாம், வேலை செய்யலாம். படகையும் பத்திரமாக இறக்கலாம்.

முன்தளத்தில் 76 மில்லிமீட்டர் பீரங்கி ஒன்றும், இரண்டு 20 மில்லிமீட்டர் துப்பாக்கிகளும் உள்ளன. பின்தளம் திறந்தவெளியாக விடப்பட்டிருக்கிறது. மூன்று சரக்குக் கண்டெய்னர்களை அங்கு வைக்கலாம். தூக்க ஒரு கிரேனும் உண்டு. நிவாரணப் பொருளோ, முக்குளிப்போர் கருவியோ, மருத்துவக் கூடாரமோ எது தேவையோ அதை அங்கே ஏற்றிக்கொள்ளலாம். கப்பலை நடத்த 44 பேர் போதும்.

இவற்றில் ஹெலிகாப்டர் தளம் இல்லை என்பதைக் குறையாகச் சொல்வோர் உண்டு. இதற்குப் பின்னால் ஒரு பட்டறிவு இருக்கிறது. 1984இல் கட்டப்பட்ட எல்.ஈ. எத்னா, ஹெலிகாப்டர் தளத்தோடும் கொட்டகையோடும் பெருமிதமாகக் கடலில் இறங்கியது. அயர்லாந்திலேயே, கார்க் துறைமுகத்தின் வெரோல்மே கட்டுதளத்தில், கடைசியாகக் கட்டப்பட்ட கப்பல் அதுதான். அத்தோடு அக்கட்டுதளம் மூடப்பட்டது. ஆனால் கப்பலில் ஹெலிகாப்டரைத் தொடர்ந்து வைத்துப் பேணும் வசதி நாட்டுக்கு இல்லை. சில ஆண்டுகளில் ஹெலிகாப்டர் வருவது நின்றது. வெறுந்தளம் மட்டும் பல்லாண்டுகள் அலைகளில் ஆடிக்கொண்டிருந்தது. பெக்கெட் வகையை வடிவமைத்தவர்கள் இந்தப் பாடத்தைக் கற்றிருந்தார்கள். பேண முடியாததைச் சுமக்காதே என்பதே அவர்களின் கொள்கை. நேர்மையான கொள்கை. அந்த நேர்மை கப்பலின் இரும்போடு நின்றுபோனதுதான் இக்கதையின் வருத்தம்.

*

எழுத்தாளர்கள் வருவதற்கு முன் இந்தக் கடற்படையில் பெண்கள் இருந்தார்கள், பெயர்களாக. 1972இல் வந்த டியர்ட்ரா, பின்னர் வந்த ஈமர், ஈஃபா, ஆஷ்லிங், எத்னா, நூற்றாண்டுத் திருப்பத்தில் வந்த ரோஷீன், நீவ் எனப் பெரும்பாலும் ஐரிஷ் தொன்மங்களின் நாயகியர் பெயர்களே சூட்டப்பட்டன. இவற்றுள் ஆஷ்லிங் ஒரு தனி அழகு. கனவு என்று பொருள்படும் அச்சொல் ஓர் இலக்கிய வகையின் பெயர். கவிஞனின் கனவில் அயர்லாந்து ஒரு பெண்ணாகத் தோன்றித் தன் துயரைச் சொல்லும் பாடல்வகை அது. பரணி என்றோ கலம்பகம் என்றோ ஒரு போர்க்கப்பலுக்குப் பெயரிட்டால் நமக்கு எப்படியிருக்கும் என எண்ணிப் பாருங்கள்.

அப்பெயர்களிலும் யேட்ஸ் முன்பே மறைந்திருந்தார். டியர்ட்ராவை நாடகமாக்கியவர் அவர். ஈமரின் பொறாமையை நாடகமாக்கியவரும் அவரே. நீவ் என்னும் தேவமங்கை ஓஷீனை இளமை மாறா நாட்டுக்கு அழைத்துச் சென்ற கதையை 1889இலேயே நெடுங்கவிதையாக்கியவர். அவர் உயிர்ப்பித்த மாந்தரின் பெயர்களைக் கப்பல்களுக்கு முதலில் வைத்தார்கள். பிறகு அவர் பெயரையே வைத்தார்கள். மூலத்துக்குத் திரும்பியது போன்ற ஒழுங்கு இதில் இருக்கிறது.

இருப்பினும் ஒரு கேள்வி எஞ்சுகிறது. தொன்மப் பெண்களை விலக்கி எழுத்தாளர்களைக் கொண்டுவந்தபோது நால்வரில் ஒருவர்கூடப் பெண்ணாக அமையாதது எப்படி? யேட்ஸோடு சேர்ந்து 1904இல் ஆபி நாடக அரங்கை நிறுவிய கிரகோரி சீமாட்டியின் நினைவு வரவில்லையா? தொன்மத்தில் வரும் பெண்ணுக்குக் கப்பல் உண்டு, எழுதிய பெண்ணுக்கு இல்லை என்பது இலக்கியத்தைப் போற்றும் முறையாகாது. 2024இல் பணியேற்ற இரு சிறு ரோந்துக் கப்பல்களுக்கு ஈவின், கோப்னட் எனத் தொன்மத்தையும் புனிதர் மரபையும் சார்ந்த பெண்பெயர்கள் மீண்டும் வந்தன. அவையும் எழுதியவர்களின் பெயர்கள் அல்ல.

*

எழுத்தாளன் பெயரைப் பீரங்கிக்கு அருகில் எழுதுவது அவனை இழிவுபடுத்துவதாகாதா என்று நண்பர்கள் சிலர் கேட்கிறார்கள். ஆயுதத்தின் மீது கலைஞனின் பெயர் பொறிக்கப்படுவதை நானும் பொதுவாக விரும்புவதில்லை. ஆனால் ஒரு கப்பலின் இயல்பை அதன் பீரங்கி சொல்வதில்லை. அதன் நாட்கள் எவ்வாறு கழிகின்றன என்பதே சொல்கிறது.

இக்கப்பல்களின் பெரும்பாலான நாட்கள் காத்திருப்பில் கழிகின்றன. சாம்பல்நிறக் கடலில் ரேடார் திரையைப் பார்த்துக்கொண்டிருத்தல், ஒரு மீன்பிடிக் கப்பலைக் கண்டதும் ரப்பர் படகில் நான்கைந்து பேர் சென்று ஏறுதல், பதிவேட்டைப் படித்தல், வலைக்கண்ணின் அகலத்தை அளத்தல், மீன்கிடங்கில் இருப்பதும் ஏட்டில் எழுதியதும் ஒத்துள்ளனவா எனச் சரிபார்த்தல், மீண்டும் காத்திருத்தல். முல்லைக்கு இருத்தலையும் நெய்தலுக்கு இரங்கலையும் உரிப்பொருளாக வகுத்த மரபில் வந்த நமக்கு, இருத்தலும் ஒரு செயலே என்பதை விளக்க வேண்டியதில்லை. காத்திருப்பதையே ஒரு நாடகமாக்கி உலகுக்குக் காட்டியவரின் பெயர் இவ்வரிசையின் முதற்கப்பலுக்கு வாய்த்ததில் ஒரு பொருத்தமும் உண்டு.

இரங்கலும் அவற்றின் பணியாக இருந்தது. 1985 ஜூன் 23 அன்று ஏர் இந்தியாவின் கனிஷ்கா விமானம் அயர்லாந்தின் தென்மேற்கே நடுவானில் குண்டுவெடித்துச் சிதறியது. அதிலிருந்த 329 பேரும் இறந்தனர். அந்தக் கடலில் முன்னின்று மீட்புப் பணி செய்த கடற்படைக் கப்பல் ஆஷ்லிங். மீட்கப்பட்டவை 131 உடல்கள். சிறு படகுகளில் சென்று, இறந்த குழந்தைகளைக் கைகளால் ஏந்தித் தூக்கிய அந்த இளம் மாலுமிகளுக்கு இந்தியர்களாகிய நாம் கடன்பட்டிருக்கிறோம். கனவின் பெயர் தாங்கிய அக்கப்பலின் முடிவு கசப்பானது. பணியிலிருந்து நீக்கப்பட்டு 2017இல் ஏலத்தில் சொற்பத் தொகைக்கு விற்கப்பட்டது. கைமாறிக் கைமாறி லிபியாவின் போர்த்தலைவர் ஹஃப்தாரின் படையில் போய்ச் சேர்ந்தது. பெயர் கழற்றப்பட்டபின் கப்பல் வெறும் இரும்பு.

அதே லிபியக் கரைக்கு அப்பால்தான் ஐரிஷ் கப்பல்களின் மிகப் பெரிய பணி நிகழ்ந்தது. 2015இல் மத்தியதரைக் கடலைக் கடக்க முயன்று ஆயிரக்கணக்கானோர் மூழ்கிக்கொண்டிருந்தபோது, இத்தாலியோடு செய்துகொண்ட ஏற்பாட்டின்படி அயர்லாந்து தன் கப்பல்களை ஒன்றன்பின் ஒன்றாக அனுப்பியது. மே மாதத்திலிருந்து நவம்பர் வரை எத்னா 3,377 பேரையும், நீவ் 4,127 பேரையும், சாமுவேல் பெக்கெட் 1,088 பேரையும் மீட்டன. ஆகமொத்தம் 8,592 உயிர்கள், சிறு குழுவினரே பணியாற்றும் கப்பல்களால். எல்லா நாளும் வெற்றியும் அன்று. ஆகஸ்ட் 5 அன்று ஏறக்குறைய அறுநூறு பேரோடு வந்த மீன்பிடிப் படகு ஒன்று நீவின் மீட்புப் படகுகள் நெருங்கிய வேளையில் கவிழ்ந்தது. 367 பேர் காப்பாற்றப்பட்டார்கள். 25 உடல்கள் எடுக்கப்பட்டன. ஏனையோரைக் கடல் கொண்டது.

பெக்கெட்டின் வாழ்வை அறிந்தவர்களுக்கு இதில் ஒரு தொடர்ச்சி புலப்படும். நாஜிகள் ஆண்ட பிரான்சில் எதிர்ப்பியக்கத்துக்காகப் பணியாற்றி, குழு காட்டிக்கொடுக்கப்பட்டபோது தப்பியோடி ஓர் ஊரில் ஒளிந்து வாழ்ந்தவர் அவர். போர் முடிந்ததும், குண்டுவீச்சில் தரைமட்டமான சாந்-லோ நகரில் ஐரிஷ் செஞ்சிலுவைச் சங்கம் அமைத்த மருத்துவமனையில் வேலை செய்தார். அகதியாக ஓடியவர், அகதிகளுக்கு உதவியவர். தன் பெயர் எழுதிய கப்பலின் பின்தளத்தில் போர்வை போர்த்திய ஆயிரம் பேர் அமர்ந்திருந்ததை அவர் பார்த்திருந்தால் மறுத்திருக்கமாட்டார் என்றே நான் நினைக்கிறேன்.

2020 மார்ச்சில் கொரோனா பரவியபோது இக்கப்பல்கள் நகரத் துறைமுகங்களில் நின்று பரிசோதனை மையங்களுக்குத் துணைநின்றன. டப்ளினில் லிஃபி ஆற்றங்கரையில், சாமுவேல் பெக்கெட் பாலத்துக்கு அருகே சாமுவேல் பெக்கெட் கப்பல் நின்றது. 2023 செப்டம்பரில் எல்.ஈ. வில்லியம் பட்லர் யேட்ஸ் தென்கடலில் எம்.வி. மேத்யூ என்ற சரக்குக் கப்பலைத் துரத்தி மறித்தது. படைவீரர்கள் ஹெலிகாப்டரிலிருந்து கயிற்றில் இறங்கி அதைக் கைப்பற்றினர். உள்ளே இரண்டே கால் டன் கொகெய்ன் இருந்தது. அந்நாட்டு வரலாற்றில் அவ்வளவு பெரிய போதைப்பொருள் பறிமுதல் அதற்குமுன் நிகழ்ந்ததில்லை. 2025 ஜூலையில் எண்மருக்குச் சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது.

நம் முன்னோர் நட்ட நடுகல்லில் பெயரோடு செயலும் பொறிக்கப்பட்டது. செயலில்லாத பெயருக்குக் கல் நடப்படவில்லை. அந்த அளவுகோலால் பார்த்தால் இக்கப்பல்கள் தம் பெயருக்குத் தகுதியானவையே.

*

தகுதியில்லாமல் போனது எது என்பதை இனிச் சொல்ல வேண்டும்.

ஐரிஷ் கடற்படைக்கு அரசு வகுத்த ஆள்பலம் 1,094 பேர். 2023இல் அது எண்ணூறுக்கும் கீழே இறங்கிவிட்டது. இந்த வீழ்ச்சி ஒருநாளில் வந்ததன்று. பெர்னார்ட் ஷா ஏப்ரலில் பணியேற்ற அதே 2019ஆம் ஆண்டின் ஜூன் மாதத்தில், ஆளில்லாத காரணத்தால் எத்னாவும் ஓர்லாவும் துறைமுகத்தில் கட்டிவைக்கப்பட்டன. 2022 ஜூலையில் எத்னா, ஓர்லா, கீரா மூன்றும் ஒரே நாளில் பணிநீக்கம் செய்யப்பட்டன. 2023 தொடக்கத்தில் ரோஷீனும், நாலாயிரம் பேரை மீட்ட அந்த நீவும் ஒதுக்கிவைக்கப்பட்டன. எஞ்சிய பெரிய கப்பல்கள் எழுத்தாளர் பெயர் கொண்ட நான்கு மட்டுமே; அந்த நான்கையும் ஒரே வேளையில் கடலுக்கு அனுப்பவும் ஆளில்லை. ஒவ்வொன்றும் ஐம்பது மில்லியன் யூரோவுக்கு மேல் விலைகொடுத்து வாங்கியவை.

காரணங்களில் மர்மம் ஏதுமில்லை. ஆண்டில் பாதி நாட்கள் வீட்டைப் பிரிந்திருக்கும் வேலை. எஞ்சின் அறையில் பயிற்சிபெற்ற ஒருவருக்குக் கார்க் துறைமுகத்தைச் சுற்றியுள்ள மருந்துத் தொழிற்சாலைகள் கூடுதல் ஊதியம் தருகின்றன. மாலையில் வீட்டுக்கும் அனுப்பிவிடுகின்றன. மின்பணியாளர், எஞ்சின் தொழில்நுட்பர், தொலைத்தொடர்பாளர் என ஒரு கப்பல் புறப்பட இன்றியமையாதவர்களே முதலில் போனார்கள். அத்தகையோர் இருவர் இல்லாவிட்டால் மற்ற நாற்பத்திருவரும் கரையிலேயே நிற்க வேண்டியதுதான். 2021இல் அரசு கடற்பணிக்கென ஊக்கத்தொகைத் திட்டம் ஒன்றைக் கொண்டுவந்தது. இரண்டாண்டுக் கடற்பணிக்கு ஒப்புக்கொள்வோருக்குப் பத்தாயிரம் யூரோ. 2022இல் ஆயுதப்படைகள் பற்றி ஆராய்ந்த ஆணையம் நிலைமையை ஒளிவுமறைவின்றி எழுதியது. ஆயினும் போனவர்கள் திரும்பி வரவில்லை. கப்பலை மூன்றாண்டில் கட்டிவிடலாம். பத்தாண்டு அனுபவமுள்ள எஞ்சின் அறைத் தலைவரை உருவாக்கப் பத்தாண்டு வேண்டும்.

மறுதரப்பில் சொல்லப்படுவதையும் புறக்கணிக்கலாகாது. எந்தப் படையிலும் அணியாத சிறிய நாட்டுக்குக் கடற்படை எதற்கு, வரிப்பணத்தை மருத்துவமனைக்கும் வீட்டுவசதிக்கும் செலவிடலாமே என்பார்கள். மனச்சாட்சியுள்ள வாதம்தான். ஆனால் கடல் அயர்லாந்தை நடுநிலையாக விட்டுவைக்கவில்லை. அட்லாண்டிக்கைக் கடக்கும் இணையக் கேபிள்களில் பல அந்நாட்டின் கடற்பரப்பு வழியே அல்லது அதனருகே செல்கின்றன. 2022 ஜனவரியில் ரஷ்யக் கடற்படை அயர்லாந்தின் தென்மேற்கே பயிற்சி நடத்தப்போவதாக அறிவித்தபோது, எங்கள் மீன்பிடித் தளத்தை விட்டு நகரமாட்டோம் என்று முதலில் எழுந்து நின்றவர்கள் காசில்டவுன்பியர் மீனவர்கள். ரஷ்யா பயிற்சியிடத்தை மாற்றிக்கொண்டது. 2024 நவம்பரில் யாந்தார் என்ற ரஷ்ய உளவுக் கப்பல் ஐரிஷ் கடலுக்குள் வந்தபோது அதைப் பின்தொடர்ந்து வெளியேறும்வரை உடன்சென்றது எல்.ஈ. ஜேம்ஸ் ஜாய்ஸ். அன்று அந்தக் கப்பல் புறப்படுவதற்கு ஆள் இருந்தார்கள். என்றும் இருப்பார்கள் என்று யாரும் உறுதிகூற இயலாது. காவல் இல்லாத இடத்தில் நடுநிலைமை என்பது பிறர் தயவில் நிற்கும் ஒரு சொல் மட்டுமே. மூழ்குவோரை மீட்பதற்கும், நோய்க்காலத்தில் துணைநிற்பதற்கும் அதே நாற்பத்துநான்கு பேர்தாம் வேண்டும்.

*

ஜாய்ஸ் இறந்தபோது சூரிச்சில் நடந்த அடக்கத்துக்கு அந்நாட்டிலிருந்த ஐரிஷ் அரசுத் தூதர்கள் யாரும் போகவில்லை. அவர் உடலைத் தாய்நாட்டுக்குக் கொண்டுவர மனைவி நோரா விடுத்த வேண்டுகோளையும் அரசு ஏற்கவில்லை. யேட்ஸுக்குக் கப்பல் அனுப்பிய அதே தேசந்தான் அது. எழுபத்துநான்கு ஆண்டுகள் கழித்து அவர் பெயரில் கப்பல் விட்டார்கள். இதைப் பரிகாரம் என்று சொல்வதா, வசதியான மரியாதை என்று சொல்வதா? இறந்தவர்கள் ஊதியம் கேட்பதில்லை, விடுப்புக் கேட்பதில்லை, அரசைப் பற்றி எழுதுவதுமில்லை. ஆகவே இறந்தவர்களுக்கு மரியாதை செய்வது எல்லா அரசுகளுக்கும் எளிதாகவே இருக்கிறது. உயிரோடு இருப்பவனை, அவன் எழுத்தாளனாயினும் மாலுமியாயினும், போகாமல் இருக்கச் செய்வதுதான் கடினம். ஜாய்ஸைத் துரத்திய அயர்லாந்தின் இறுக்கம் வேறு, இன்றைய மாலுமியை அனுப்பிவைக்கும் ஊதியக் கணக்கு வேறு என்பதை நான் அறிவேன். ஆனால் இரண்டிலும் ஒரே பழக்கம் வேலை செய்கிறது: இருக்கும்போது கவனிக்காமல், போனபின் பெயரைப் பொறித்துக்கொள்ளும் பழக்கம். அயர்லாந்துக்கு மட்டும் உரிய பழக்கம் இது என்று நினைத்து நாம் ஆறுதலடைய வேண்டாம்.

இந்நான்கு கப்பல்களையும் கட்டியது இங்கிலாந்தின் டெவன் பகுதியிலுள்ள ஆப்பிள்டோர் கட்டுதளம். பெர்னார்ட் ஷாவை முடித்துக் கொடுத்ததும் வேலையின்றி 2019 மார்ச்சில் அதுவும் மூடப்பட்டது. அடுத்த ஆண்டு வேறொரு நிறுவனம் வந்து திறக்கும்வரை அங்கே உளிச்சத்தம் இல்லை. ஒரு கப்பலின் பின்னால் எத்தனை கைகள் இருக்கின்றன, அவை எவ்வளவு எளிதில் கலைந்துபோகின்றன என்பதற்கு அதுவும் ஒரு சான்று.

எத்னாவின் இடத்தை நிரப்பப் பெரியதொரு பல்பணிக் கப்பல் வேண்டும் என்று அயர்லாந்தில் பல ஆண்டுகளாகப் பேசிவருகிறார்கள். அது வரும்போது கிரகோரி சீமாட்டியின் பெயரைச் சூட்டினால் நான் மகிழ்வேன். ஆனால் பெயர்ப்பலகைக்கு முன் பணியாளர் பட்டியலை எழுதட்டும். அந்தக் கப்பலை ஓட்டப் போகிறவர்கள் எவ்வளவு ஊதியம் பெறுவார்கள், எத்தனை இரவுகள் வீட்டில் உறங்குவார்கள், ஐந்தாண்டு கழித்தும் அதே கப்பலில் இருக்க விரும்புவார்களா என்பவற்றுக்கு முதலில் விடை எழுதட்டும். எஞ்சின் அறையில் ஆள் நிற்கும் வரைதான் முகப்பில் எழுதிய பெயர் கடலில் போகும்.